வைஸ் அட்மிரல் கிருஷ்ணன்: நாம் மறந்த மாலுமி

(பழைய மாணவர் சந்திப்பில் ஆற்றிய உரை)



"காஞ்சிபுரத்துக்காரனுக்கும் கடலுக்கும் என்னய்யா சம்பந்தம்?" என்று நீங்கள் கேட்கலாம். ஏழாம் நூற்றாண்டிலே, மானவர்மனுக்கு இலங்கை அரியணையை மீட்டுக் கொடுக்கக் கப்பற்படை அனுப்பிய நரசிம்மவர்மப் பல்லவனின் தலைநகரம் இது. சம்பந்தம் இல்லாமல் போகுமா?

நான் பேச வந்தது நம் காலத்தவர் ஒருவரைப் பற்றி. வைஸ் அட்மிரல் நீலகண்ட கிருஷ்ணன், 1919-ல் நாகர்கோவிலில் பிறந்தவர். 1941-ல், இரண்டாம் உலகப் போரின்போது, பாரசீக வளைகுடாவில் காட்டிய துணிச்சலுக்காக டி.எஸ்.சி. விருது பெற்றவர்.

1971 போரில் விசாகப்பட்டினத்தில் கிழக்குக் கடற்படைக்குத் தலைவர் அவர்தான். கையில் இருந்த விமானந்தாங்கிக் கப்பல் விக்ராந்த். ஆனால் அதன் கொதிகலனில் விரிசல். முழு வேகத்தில் ஓட முடியாது. 1965 போரிலும் அது பழுதுபார்ப்பில் கிடந்தது. இந்தத் தடவையும் துறைமுகத்திலேயே கட்டிப்போட்டிருந்தால் யாரும் குறை சொல்லியிருக்க மாட்டார்கள். கிருஷ்ணன் அதைப் போருக்கு அனுப்பினார்.

விக்ராந்தை மூழ்கடிக்கப் பாகிஸ்தானின் காஸி நீர்மூழ்கி வங்கக் கடலுக்கு வந்தது. கிருஷ்ணன் விக்ராந்தை அந்தமான் பக்கம் ஒளித்து வைத்துவிட்டு, ராஜ்புத் என்ற பழைய போர்க்கப்பலை விக்ராந்த் மாதிரி நடிக்க விட்டார். ஒப்பந்தக்காரர்களிடம் பெரிய கப்பலுக்கு வேண்டிய அளவு காய்கறி, இறைச்சிக்கு ஆர்டர். வானொலியில் ஓயாத செய்திகள். போதாததற்கு, ஒரு மாலுமி தன் தாயாரின் உடல்நலம் விசாரித்து அனுப்புவது போல ஒரு தந்தி!

டிசம்பர் 3-ஆம் தேதி நள்ளிரவை ஒட்டி, விசாகப்பட்டினத்துக்கு வெளியே காஸி மூழ்கியது. ராஜ்புத் போட்ட குண்டுகளால் என்கிறது நம் தரப்பு. விபத்து என்கிறது அவர்கள் தரப்பு. எப்படியானாலும் 90-க்கு மேற்பட்டவர்கள் அதில் போனார்கள். அவர்களும் ஒரு தாய் பெற்ற பிள்ளைகள்தான். கை தட்டுவதற்கு முன்னால் அதையும் நினைக்க வேண்டும்.

அப்புறம் விக்ராந்தின் விமானங்கள் சிட்டகாங், காக்ஸ் பஜார் துறைமுகங்களைத் தாக்கின. கிழக்கே கடல்வழி அடைபட்டது. டிசம்பர் 16-ல் டாக்காவில் நியாஸி கையெழுத்துப் போடும் புகழ்பெற்ற படத்தைப் பாருங்கள். பின்னால் கடற்படை உடையில் நிற்பவர் நம்ம கிருஷ்ணன்தான். 1972-ல் பத்ம பூஷண் கிடைத்தது. பிற்பாடு கொச்சி கப்பல் கட்டும் தளத்துக்குத் தலைவராக இருந்தார். 1982-ல் மறைந்தார். பழைய விக்ராந்த் 2014-ல் உடைக்கப்பட்டது. ஆனால் 2022-ல் கடற்படையில் சேர்ந்த புதிய விக்ராந்தைக் கட்டியது அதே கொச்சித் தளம்!

நம் ஊர் கோர்வைச் சேலையில் உடலையும் கரையையும் சேர்க்க இரண்டு பேர் வேண்டும். சேலையில் யார் பேரும் இருக்காது. காஸி விஷயமும் அப்படித்தான். ஆர்டர் எழுதிய குமாஸ்தா, வானொலி இயக்கியவர், இவர்கள் பேரெல்லாம் நமக்குத் தெரியாது. ஒருவர் வாய் தவறியிருந்தாலும் எல்லாம் கெட்டிருக்கும். இத்தனை பேரை நம்பி வேலை வாங்கியதுதான் கிருஷ்ணனின் பெருமை.

மாணவர்களே, கடற்படையில் இன்று பெண்களும் சேரலாம். "அதெல்லாம் நமக்கு எதுக்கு?" என்று சொல்லிவிடாதீர்கள். சங்கத்துக்கும் ஒரு வேண்டுகோள். ஆண்டுக்கு ஒரு நாளாவது கடற்படையில் பணியாற்றிய ஒருவரை அழைத்து வந்து இந்தப் பிள்ளைகளோடு பேச வையுங்கள். செலவில் என் பங்கை நான் தருகிறேன்.