கப்பல் ஏறின எறும்பு

போன வாரம் பேய். இந்த வாரம் பூச்சி. சிரிக்காதீங்க, சீரியஸாத்தான் சொல்றேன்.

தூத்துக்குடியில நான் ஸ்கூல் படிக்கும்போது, ராத்திரி பதினொரு மணிக்கு மேல லோக்கல் கேபிள்ல தமிழ் டப்பிங் இங்கிலீஷ் படம் போடுவாங்க. முக்கால்வாசி ராட்சச ஜந்து படம்தான். ஆச்சி பக்கத்துல படுத்துக்கிட்டே, "எறும்புக்கா இம்புட்டு அலறுதான்? கட்டில் காலுக்கடியில தண்ணிக் கிண்ணம் வச்சா முடிஞ்சு போச்சு"ம்பாங்க. எங்க வீட்டு அரிசி ஸ்டாண்டுக்கு நாலு காலுக்கும் அப்படிக் கிண்ணம் உண்டு.

இந்த மாதிரிப் படங்கள்ல எனக்குப் பிடிச்சதே கையில காசு இல்லாம அவங்க பண்ற வேலைதான். 1957ல வந்த 'பிகினிங் ஆஃப் தி எண்ட்' எடுத்துக்கோங்க. இயக்குநர் பெர்ட் ஐ. கார்டன். ராட்சச வெட்டுக்கிளிகள் சிகாகோவை நாசம் பண்ணணும். ஆனா செட் போடப் பணம் இல்ல. கட்டடங்களோட போட்டோவை வச்சு, அதுமேல நிஜ வெட்டுக்கிளியை நடக்க விட்டுட்டார். ஒரு ஷாட்ல வெட்டுக்கிளி கட்டடத்தைத் தாண்டி நேரா வானத்துலயே கால் வச்சிடும்! டெமோவுக்கு முந்தின ராத்திரி நான் எழுதுற கோடு அப்படித்தான் இருக்கும்.

அதுக்கு மூணு வருஷம் முன்னாடி, 1954ல வந்தது 'தெம்!'. அணுகுண்டு சோதனையால எறும்புகள் பெருசாகிடும். கலர்ல, 3டியில எடுக்க நினைச்சு, பட்ஜெட் குறைஞ்சதால கருப்பு வெள்ளையில எடுத்த படம். டைட்டில்ல மட்டும் கலர் மிச்சம் இருக்கும். அதுல என்னைத் தூங்கவிடாத சீன் பாலைவனத்துல வராது, கடல்ல வரும். ராணி எறும்பு ஒண்ணு சரக்குக் கப்பல்ல ஏறிடும். நடுக்கடல்ல மொத்தக் கப்பலும் எறும்பு. கடைசியில கடற்படையே அந்தக் கப்பலை மூழ்கடிக்கும். துறைமுக ஊர்ப் பையனுக்கு இது போதாதா? மறுநாள் பீச் ரோட்டுல நின்னு, தூரத்துல நங்கூரம் போட்ட கப்பல்களை எண்ணினேன்.

நம்ம பக்கம் 2012ல ராஜமௌலியோட 'நான் ஈ' வந்துச்சு. சின்ன பட்ஜெட் படம் இல்லதான். ஆனா பூச்சியைப் பெருசாக்காம, ஈ சைஸ்லயே விட்டு ஒரு ஆளைக் கொல்ல வச்சாரே, அது பெரிய விஷயம். ஸ்பெஷல் எஃபெக்ட்ஸுக்குத் தேசிய விருதும் கிடைச்சது. சுதீப் தூங்க முடியாம தவிக்கும்போது தியேட்டரே கைதட்டுச்சு.

அதே தவிப்பை நிஜத்துல பார்த்தப்ப எனக்குச் சிரிப்பு வரல. 2022ல திண்டுக்கல் மாவட்டம் நத்தம் பக்கத்துல, கரந்தமலையைச் சுத்தி இருக்குற கிராமங்கள்ல மஞ்சள் பைத்திய எறும்பு படையெடுத்துச்சு. நாலஞ்சு மில்லிமீட்டர்தான் இருக்கும். கடிக்காது. ஃபார்மிக் அமிலத்தைப் பீய்ச்சும். ஆடு மாடுகளோட கண்ணு பாதிக்கப்பட்டுச்சு. ஜனங்களுக்கு உடம்பெல்லாம் எரிச்சல். ஆட்டை வச்சுப் பொழைக்கிற குடும்பத்துக்கு ஆட்டுக்குக் கண்ணு போச்சுன்னா சோறு போச்சு. ஆச்சியோட தண்ணிக் கிண்ணத்தை மலைக்கு அடியில வைக்க முடியாதே!

இதே எறும்புதான் சரக்கோட சரக்கா ஊர் ஊரா போய், ஆஸ்திரேலியாவுக்குச் சொந்தமான கிறிஸ்துமஸ் தீவுல கோடிக்கணக்கான சிவப்பு நண்டுகளைக் கொன்னுச்சு. அங்க மருந்து அடிச்சும் அடங்கல. மரத்துல இருக்குற செதில் பூச்சி சுரக்குற இனிப்புத் தண்ணிதான் எறும்புக்குச் சாப்பாடு. அதனால 2016ல, செதில் பூச்சியை அழிக்க மலேசியாவுல இருந்து ரெண்டு மில்லிமீட்டர் குளவியைக் கொண்டுவந்து விட்டாங்க. பூச்சிக்குப் பூச்சியை ஏவுறது! எந்த ஸ்கிரிப்ட்லயும் நான் பார்க்காத கிளைமாக்ஸ்.

எங்க சித்தப்பா ஹார்பர்ல கிளியரிங் வேலை பார்த்தவர். மரப்பெட்டியைக் கண்டா முதல்ல கோதுமைக் கதிர் முத்திரை இருக்கான்னுதான் தேடுவார். மரத்தோட நடுப்பகுதி வரைக்கும் 56 டிகிரி சூட்டுல அரை மணி நேரம் வச்சிருந்தா 'எச்.டி.'ன்னு போட்டிருக்கும். உள்ள பூச்சி உயிரோட இல்லன்னு அர்த்தம். சின்ன வயசுல அதை ஏதோ கம்பெனி லோகோன்னு நினைச்சிருந்தேன். 'தெம்!' படத்துல கடற்படை செஞ்ச வேலையை நிஜத்துல அந்த ஒரு முத்திரை செஞ்சுக்கிட்டு இருக்கு.

கரந்தமலைக் கதையை யாராவது படமா எடுக்கணும். ராட்சச எறும்பு வேண்டாம். ஒரு பட்டி, ஒரு டார்ச், நாலு ஆடு, ராத்திரி நேரம். பட்ஜெட் அவ்வளவுதான்.

நத்தம் பக்கத்து ஆளுங்க யாராவது இதைக் கேட்டுக்கிட்டு இருந்தீங்கன்னா, இப்ப அங்க எப்படி இருக்குன்னு ஒரு வாய்ஸ் நோட் அனுப்புங்க. அடுத்த வாரம் சுறாப் படங்கள். பார்ப்போம் மக்களே.