ஈயைக் காப்பாற்றாத எழுத்தாளர்



சிலந்தி ஒன்று ஈயை வீட்டுக்கு அழைக்கிறது. மெத்தை இருக்கிறது, தின்பண்டம் இருக்கிறது என்று ஆசை காட்டுகிறது. ஈ மசியவில்லை. சிறகையும் கண்ணையும் புகழத் தொடங்கியதும் மெல்லக் கிட்டே வருகிறது. அவ்வளவுதான், ஈயின் கதை முடிந்தது.

1829-இல் வெளியான இந்த ஆங்கிலச் சிறுவர் பாட்டை எழுதியவர் மேரி ஹவிட். 1799-இல் இங்கிலாந்தின் கோல்ஃபோர்டில், குவேக்கர் என்னும் கிறிஸ்தவப் பிரிவைச் சேர்ந்த கண்டிப்பான குடும்பத்தில் பிறந்தவர். கணவர் வில்லியமும் எழுத்தாளர். இருவருக்கும் பேனாதான் பிழைப்பு. 1840-களின் தொடக்கத்தில் ஜெர்மனியின் ஹைடல்பர்கில் குடும்பத்தோடு தங்கியிருந்தபோது மேரி ஸ்வீடிஷ், டேனிஷ் மொழிகளில் இறங்கினார். அதன் பலன், 1846-இல் டேனிஷ் எழுத்தாளர் ஆண்டர்சனின் பத்துக் கதைகள் ஆங்கிலத்தில் வந்தன. ஆண்டர்சனின் சிறுவர் கதைகள் ஆங்கிலத்தில் நூலானது அதுவே முதல் முறை. அதே ஆண்டில் வேறு இருவரும் மொழிபெயர்த்தார்கள், மேரி முந்திக்கொண்டார்.

அந்த நூலில் கட்டைவிரல் அளவேயான தம்பெலினாவின் கதையும் உண்டு. பிள்ளைக்கு ஏங்கும் பெண் ஒருத்தி சூனியக்காரியிடம் போய், காசு கொடுத்து ஒரு வாற்கோதுமை மணி வாங்கி வருவதாக ஆண்டர்சன் எழுதியிருந்தார். மேரியின் நூலில் சூனியக்காரியைக் காணோம்! பசியோடு வந்த பிச்சைக்காரிக்குக் குடியானவன் மனைவி ரொட்டியும் பாலும் தருகிறாள். கைம்மாறாக அந்த மணி கிடைக்கிறது.

ஈயைச் சாகவிட்ட கை இங்கே ஏன் கூசியது? முகஸ்துதிக்கு மயங்காதே என்று பிள்ளைகளை எச்சரிக்க ஈ செத்தாக வேண்டும். ஆனால் நல்ல குடும்பத்துப் பெண் சூனியக்காரி வாசலில் காசோடு நிற்பதா? அந்தக் காலத்துப் பெற்றோர் முகம் சுளித்திருப்பார்கள் என்பது என் ஊகம். ஆண்டர்சன் கதை ஆசைப்பட்டதைக் காசு கொடுத்து வாங்கியவள் கதை. மேரி அதைப் புண்ணியக் கதையாக்கிவிட்டார். எனக்கு ஆண்டர்சனின் தொடக்கமே பிடிக்கும்.

ஈயின் பாட்டோ ஊரெங்கும் பரவியது. லூயிஸ் கரோல் 1865-இல் தம் ஆலிஸ் கதையில் அதன் மெட்டைக் கிண்டல் செய்தார். எல்லோருக்கும் தெரிந்த பாட்டைத்தானே கிண்டல் செய்ய முடியும்? மேரி 1888-இல் ரோமில் காலமானார்.

உங்கள் வீட்டில் தம்பெலினா புத்தகம் இருந்தால் முதல் பக்கத்தைப் புரட்டிப் பாருங்கள். சூனியக்காரி இருக்கிறாளா, பிச்சைக்காரி இருக்கிறாளா என்று பிள்ளைகளையே கண்டுபிடிக்கச் சொல்லுங்கள்.