ஓரத்தில் உட்கார்ந்திருப்பவர்
(ஆசிரியர்களுக்கான பணியிடைப் பயிற்சியில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



பள்ளி அணி களத்தில் இறங்கியதும் நம் கண்கள் ஆடுகிறவர்கள் மேல்தான் இருக்கும். ஓரத்தில் உட்கார்ந்திருக்கும் மாற்று ஆட்டக்காரரைப் பற்றி இன்று பேசலாம் என்று நினைக்கிறேன். அதற்கு அமெரிக்க பேஸ்பால் வீரர் புரூஸ் போச்சியின் வாழ்க்கை நல்ல எடுத்துக்காட்டு.

போச்சி ஒரு கேட்சர். மட்டை பிடிப்பவருக்குப் பின்னால் குந்தியிருந்து பந்தைப் பிடிப்பவர். நம் விக்கெட் கீப்பரை நினைத்துக்கொள்ளுங்கள். ஆனால் வேலை இன்னும் அதிகம். அவர் காலத்தில், அடுத்து எந்த வகைப் பந்து என்பதை விரல் சைகையால் வீச்சாளருக்குச் சொன்னவர் கேட்சர். மற்ற எட்டுப் பேரும் மட்டையாளரைப் பார்த்து நிற்க, அந்த எட்டுப் பேரையும் பார்த்தபடி இருப்பவர் இவர் ஒருவரே.

1978-இல் முதன்மை லீக்கில் நுழைந்த போச்சி, 1987 வரை ஒன்பது பருவங்கள் ஆடினார். பொதுவாக ஒரு பருவத்தில் ஓர் அணிக்கு 162 ஆட்டங்கள். ஒன்பது பருவங்களிலும் சேர்த்து அவர் ஆடியவை 358 மட்டுமே. பெரும்பாலான நாள்கள் அவர் மாற்று ஆட்டக்காரர்தான்.

ஆனால் மாற்று கேட்சர் சும்மா இருப்பதில்லை. களம் இறங்கப்போகும் வீச்சாளருக்குப் பந்து பிடித்துத் தயார் செய்வார். யாருடைய கை சோர்ந்திருக்கிறது, யார் பதற்றத்தில் இருக்கிறார் என்பதெல்லாம் அவருக்குத் தெரியவரும்.

1989-இல் சிறு லீக் அணி ஒன்றை நடத்தத் தொடங்கினார் போச்சி. 1995-இல் சான் டியாகோ பாட்ரெஸ் அணியின் மேலாளரானார். பேஸ்பாலில் தலைமைப் பயிற்சியாளரை அப்படித்தான் அழைப்பார்கள். பின்னர் சான் பிரான்சிஸ்கோ ஜெயன்ட்ஸ் அணி 2010, 2012, 2014 ஆகிய ஆண்டுகளில் அவர் தலைமையில் உலகத் தொடரை வென்றது. 2014-இன் கடைசி ஆட்டத்தில், மூன்று நாள் முன்புதான் முழு ஆட்டமும் வீசியிருந்த மேடிசன் பம்கார்னரை ஐந்தாவது இன்னிங்ஸிலேயே இறக்கினார். பம்கார்னர் இறுதிவரை வீசினார், வெற்றி 3–2. 2023-இல், 68 வயதில், டெக்சாஸ் ரேஞ்சர்ஸ் அணிக்கு அதன் முதல் கோப்பையையும் பெற்றுத் தந்தார்.

நண்பர்களே, வெறுமனே உட்கார வைப்பதால் எந்தக் குழந்தையும் எதையும் கற்றுவிடாது. எல்லோரையும் ஆடவிடுவது நம் முதல் கடமை. வெளியே இருக்கும் நேரத்திலும் ஒரு வேலை கொடுங்கள். புள்ளிக் குறிப்பேடு ஒருவருக்கு, விசில் ஒருவருக்கு, எதிரணியைக் கவனித்து இடைவேளையில் அணிக்குச் சொல்லும் பொறுப்பு இன்னொருவருக்கு.

வகுப்பறையிலும் இதுவே. கணக்கைத் தட்டுத் தடுமாறிப் போட்டு முடித்த பிள்ளைக்கு, அது எந்தப் படியில் சிக்கும் என்று தெரியும். பக்கத்துப் பிள்ளைக்குச் சொல்லிக் கொடுக்க அவரை ஒருமுறை அழைத்துப் பாருங்கள்.

அடுத்த விளையாட்டுப் பாடவேளையில் ஓரத்தில் இருப்பவரிடம், "என்ன பார்த்தாய்?" என்று கேளுங்கள். அவர் சொல்வதை அணியும் கேட்கட்டும்.