தீர்ப்பு வந்தாச்சு, தண்ணி எங்கே?



நம்ம ஏரி வரத்து வாய்க்கால் ஆக்கிரமிப்பை, உத்தரவு நகல் கிடைத்த 12 வாரத்துக்குள் அகற்றச் சொன்னது உயர்நீதிமன்றம். அந்தக் கெடு முடிந்து பத்து மாதம் ஆச்சு. ஊராட்சியில் கேட்டால் தாசில்தாரைக் கை காட்டுறாங்க. தாலுகா ஆபீசில் கேட்டால் சர்வேயர் வரலைங்கிறாங்க. கடைமடை காய்ந்து கிடக்கு.

உத்தரவை வேண்டுமென்றே மீறும் அதிகாரி மீது 1971-ம் வருட நீதிமன்ற அவமதிப்புச் சட்டப்படி வழக்குப் போடலாம். 6 மாதம் வரை சிறை, 2,000 ரூபாய் வரை அபராதம் உண்டு. ஆனால் அதே சட்டத்தின் 20-வது பிரிவு என்ன சொல்லுது? மீறல் நடந்து ஒரு வருடத்துக்குள் போடணும். நாம் மனு மேல் மனு கொடுத்துக் காத்திருந்தால் அந்த வருடமும் ஓடிப்போகும். இழுத்தடிப்பவர்களுக்கு அதுதானே வேண்டும்!

மிச்சம் இரண்டே மாதம். நகல் அனுப்பிய தபால் ஒப்புகை அட்டை, மனு ரசீது எதுவானாலும் சங்கத்தில் கொடுங்கள். தேதிதான் நமக்குச் சாட்சி. யாரையும் ஜெயிலுக்கு அனுப்ப நமக்கு ஆசையில்லை. வாய்க்காலில் தண்ணி வரணும், அவ்வளவுதான்.

வரும் திங்கட்கிழமை தாலுகா ஆபீஸ் முன் திரண்டு வாரீர்!