ஸ்பானியத் திரை குரல் பெற்ற வரலாறு



ஊமைப்படத்திற்கு மொழி எல்லை இல்லை. இடையிடையே தோன்றும் எழுத்துகளை மாற்றிவிட்டால் எந்நாட்டிலும் அதனை ஓட்டலாம். எழுத்தறியாதவர்களுக்காக, அரங்கில் நின்று கதையை விளக்கிச் சொல்வோரும் ஸ்பெயினில் இருந்தனர். ஒலி வந்தபின்னரே, திரையில் ஒலிப்பது யாருடைய குரல் என்னும் வினா எழுந்தது.

பிரான்சிஸ்கோ எலியாஸ் இயக்கிய ‘புவேர்த்தா தெல் சோல் மர்மம்’ ஸ்பெயினின் முதல் பேசும்படமாகக் கருதப்படுகிறது. அமெரிக்கரான லீ டி பாரஸ்டின் ஒலிப்பதிவு முறையில் உருவான இப்படம் 1930இல் புர்கோஸ் நகரில் திரையிடப்பட்டது. ஏற்ற கருவிகளுடைய அரங்குகள் அரிதாக இருந்தமையால் அது வெற்றி பெறவில்லை. அதே ஆண்டில் வெளிவந்த புளோரியான் ரேயின் ‘சபிக்கப்பட்ட சிற்றூர்’, விளைச்சலை இழந்து ஊரைவிட்டு வெளியேறும் காஸ்டீலிய உழவர்களின் கதை. ஊமைப்படமாக எடுக்கப்பட்ட அதற்கு ஒலி சேர்க்கப் பாரிசுக்குச் செல்ல வேண்டியிருந்தது. ஊரைவிட்டுச் சென்ற மக்களின் கதையே, குரல் தேடி நாட்டைவிட்டுச் சென்றது எனலாம்.

இதற்கிடையே ஹாலிவுட்டும் பாரிசை அடுத்த ஜுவான்வில் படப்பிடிப்பு நிலையமும் ஸ்பானிய மொழிப் படங்களைத் தயாரித்தன. 1931இல் வெளிவந்த ‘டிராகுலா’வின் ஸ்பானிய வடிவம், ஆங்கிலப் படத்திற்கென அமைத்த அரங்குகளிலேயே இரவு நேரங்களில் எடுக்கப்பட்டது. அதில் ஸ்பெயின், மெக்சிகோ, அர்ஜென்டினா நாட்டு நடிகர்கள் தத்தம் ஒலிப்பில் பேசினர். மொழி ஒன்றாயினும் மண்ணின் ஒலிப்பு ஒன்றன்று என்பதைப் பேசும்படமே புலப்படுத்தியது.

1932இல் பார்சலோனாவின் மோன்ஜுயிக் குன்றில், 1929ஆம் ஆண்டுப் பொருட்காட்சிக்கென எழுந்த கட்டடத்தில் ‘ஒர்ஃபேயா’ ஒலிப்பட நிலையம் தோன்றியது. அதே ஆண்டு வலென்சியாவில் ‘சிஃபேசா’ நிறுவனம் பிறந்தது. 1925இல் ஊமைப்படமாக வந்த ‘நோப்லேசா பத்தூர்ரா’ என்னும் அரகோன் நாட்டுப்புறக் கதையை அந்நிறுவனத்திற்காக ரே 1935இல் பேசும்படமாக்கினார். மக்கள் தம் பாட்டையும் பேச்சையும் திரையில் கேட்டு மகிழ்ந்தனர். 1933இல் கட்டலான் மொழியிலும் ஒரு படம் உருவாயிற்று.

ஆயினும் அம்மகிழ்ச்சி நிலைக்கவில்லை. 1936இல் தொடங்கிய உள்நாட்டுப் போர் 1939இல் முடிந்து, பிராங்கோவின் ஆட்சி நிலைபெற்றது. ஸ்பானியம் அல்லாத எம்மொழியிலும் படம் திரையிடலாகாது என்று 1941இல் ஆணை பிறந்தது. அயல்நாட்டுப் படங்கள் யாவும் ஸ்பானியக் குரலில் பேசின. நாட்டின் சொந்த மொழிகளாகிய கட்டலானும் பாஸ்க்கும் கலீசியமும் திரையில் வாயடைத்தன.

ஊமைப்படக் காலத்தில் எம்மொழியும் திரையில் ஒலிக்கவில்லை. ஆதலின் எம்மொழியையும் தடுக்க வேண்டியிருக்கவில்லை. குரல் பிறந்த பின்னரே குரலைப் பறித்தலும் இயல்வதாயிற்று. கருவி குரலைத் தரலாம். பேசும் உரிமையை மனிதரே ஒருவர்க்கொருவர் தருதல் வேண்டும்.