ரசாயனப் புத்தகத்தை எப்படித் தேர்ந்தெடுப்பது?

(சிவகாசி வட்டாரத்துக் கிராமம் ஒன்றில், படிப்பகத்தில் மாணவர்களுக்கான விஞ்ஞான அலமாரியைத் திறந்து வைத்த கூட்டத்தில் நிகழ்த்திய உரை.)



ரசாயனப் புத்தகங்களைப் பற்றிப் பேச எங்களுக்கு என்ன யோக்கியதை இருக்கிறது என்று உங்களில் சிலர் நினைக்கலாம். நியாயமான கேள்விதான். எங்கள் பள்ளிப் படிப்பு பத்தாம் வகுப்போடு முடிந்துவிட்டது. அதற்குப் பிறகு கட்சி வேலை, சங்க வேலை என்றே காலம் போயிற்று. ஆனால் இந்த அலமாரிக்குப் புத்தகம் சேர்க்கும் பொறுப்பு எங்கள் தலையில் விழுந்தபோது, இரண்டு மாத காலம் உபாத்தியாயர்களிடமும் மாணவர்களிடமும் கேட்டுக் கேட்டுக் கற்றுக்கொண்டோம். கற்றதை உங்களிடம் கணக்குக் காட்டவே இங்கே நிற்கிறோம்.

முதலில் ஒரு சம்பவத்தைச் சொல்ல வேண்டும். புத்தகப் பட்டியல் தயாரிக்கும்போது, பதினோராம் வகுப்பு படிக்கும் ஒரு பெண்ணின் வீட்டுக்குப் போயிருந்தோம். அந்தப் பெண் திண்ணையில் உட்கார்ந்து சத்தம் போட்டு மனப்பாடம் செய்துகொண்டிருந்தாள்: "சோடியம் மஞ்சள், ஸ்ட்ரான்சியம் சிவப்பு, பேரியம் பச்சை." உள்ளே சோறு வடித்துக்கொண்டிருந்த தாய் சிரித்தார். "இதைப் போய் இப்படி உருப்போடுறியே! பேன்சி வெடியிலே சிவப்பு எரியிறதுக்கு ஸ்ட்ரான்சியம் போடுவாங்க, பச்சைக்கு முன்னெல்லாம் பேரியம்தான். இருபது வருஷமா நான் பார்க்கிறதுதானேடி இது" என்றார். அந்தப் பெண் வாயடைத்துப் போனாள்.

தோழர்களே, இந்தக் காட்சியைச் சற்று எண்ணிப் பாருங்கள். தாயின் கையில் ரசாயனம் இருக்கிறது. அதன் காரணம் அவருக்குத் தெரியாது. மகளின் புத்தகத்தில் ரசாயனம் இருக்கிறது. அது தன் வீட்டுச் சோற்றோடு சம்பந்தப்பட்டது என்பது அவளுக்குத் தெரியாது. இரண்டுக்கும் நடுவே ஒரு சுவர் நிற்கிறது. அந்தச் சுவரை உடைக்கும் புத்தகம் எதுவோ, அதுவே நல்ல புத்தகம். நாங்கள் கண்ட முடிவு இதுதான்.

ஆனால் இந்த முடிவுக்குச் சுலபமாக வந்துவிடவில்லை. எட்டாயிரத்துச் சொச்சம் ரூபாய் வசூலாயிற்று. அத்தனையும் பத்தும் இருபதுமாக நீங்கள் கொடுத்த பணம். அந்தப் பணத்துக்கு என்ன வாங்குவது என்று கூடிப் பேசியபோது, ஒரு தகப்பனார் எழுந்து கேட்டார்: "அண்ணாச்சி, கதைப் புஸ்தகம் படிச்சா மார்க்கு வருமா? எல்லாத்துக்கும் கைடு வாங்கிப் போடுங்க. எங்க பிள்ளைக தீப்பெட்டி ஆபீசுக்கும் பட்டாசு ஆபீசுக்கும் போகாம தப்பிச்சாப் போதும்."

இந்தக் கேள்வியை அலட்சியப்படுத்த எங்களுக்கு உரிமை இல்லை. 2017-ம் ஆண்டிலிருந்து தமிழ்நாட்டில் மருத்துவப் படிப்புக்கு நீட் பரீட்சையே வாசலாக்கப்பட்டிருக்கிறது. அதில் 720 மார்க்கில் 180 மார்க் ரசாயனத்துக்கு. பணமுள்ளவன் வீட்டுப் பிள்ளை லட்சக்கணக்கில் கட்டிப் பயிற்சி நிலையத்துக்குப் போகிறது. நம் பிள்ளைக்கு ஒரு கைடாவது வேண்டாமா என்று அந்தத் தகப்பனார் கேட்பதில் என்ன தவறு?

தவறு அவரிடம் இல்லை. கைடிலேதான் குறை இருக்கிறது. கைடு விடையைச் சொல்லும். அந்த விடை எப்படி வந்தது என்று சொல்லாது. கேள்வியைக் கொஞ்சம் திருப்பிப் போட்டால் மாணவன் தத்தளித்துப் போகிறான். ஆகவே ஒரு சமரசம் செய்தோம். பழைய கேள்வித்தாள் தொகுப்புகள் இரண்டு பிரதிகள் வாங்கினோம். பாடத்தை நன்றாகப் படித்து முடித்தபின் தன்னைத் தானே சோதித்துக்கொள்ள அவை உதவும். மீதிப் பணத்தைப் புத்தகங்களுக்கு ஒதுக்கினோம். அந்தத் தகப்பனாரும் ஒப்புக்கொண்டார்.

சரி, எந்தப் புத்தகங்கள்?

முதல் இடம் தமிழ்நாட்டு அரசின் பாடநூலுக்குத்தான். 2018-ல் பதினோராம் வகுப்புக்கும் 2019-ல் பன்னிரண்டாம் வகுப்புக்கும் வந்த புதிய வேதியியல் புத்தகங்களைச் சொல்கிறோம். 'அரசாங்கப் புத்தகம்தானே' என்று அதை மூலையில் போட்டுவிட்டுக் கைடைத் தூக்குகிறவர்கள் இருக்கிறார்கள். அது பெரிய பிழை. அந்தப் புத்தகத்தில் சுற்றுச்சூழல் வேதியியல் இருக்கிறது. அன்றாட வாழ்வில் வேதியியல் இருக்கிறது. பத்தாம் வகுப்புப் புத்தகத்தில் தனிமங்களின் ஆவர்த்தன அட்டவணை இருக்கிறது.

இதை ஏன் பிரமாதமாகச் சொல்கிறோம்? மத்திய அரசின் என்.சி.இ.ஆர்.டி. புத்தகங்களில் நடந்ததைப் பாருங்கள். சுமையைக் குறைக்கிறோம் என்று 2022-ல் அறிவித்தார்கள். பத்தாம் வகுப்பிலிருந்து ஆவர்த்தன வகைப்பாடு என்ற அத்தியாயமே நீக்கப்பட்டது. பதினொன்றில் சுற்றுச்சூழல் ரசாயனம் போயிற்று. பன்னிரண்டில் பாலிமர்களும் அன்றாட வாழ்வில் ரசாயனமும் போயின. ஆவர்த்தன அட்டவணைதான் பதினொன்றில் இருக்கிறதே என்று சமாதானம் சொல்கிறார்கள். பதினொன்றுக்குப் போகாத பிள்ளையின் கதி என்ன? எங்களைப் போல் பத்தோடு நிற்கிறவன் அந்த அட்டவணையை வகுப்பில் ஒரு நாளும் பார்க்காமலேயே வாழ்க்கையில் இறங்க வேண்டுமா? 1984 டிசம்பரில் போபாலில் மீத்தைல் ஐசோசயனேட் வாயு கசிந்து ஆயிரக்கணக்கான ஏழைகள் மாண்டார்கள். அப்படிப்பட்ட நாட்டில், சுமை என்று தள்ளுவதற்குச் சுற்றுச்சூழல் ரசாயனம்தானா கிடைத்தது?

ஆனாலும் நீட் கேள்விகளுக்கு என்.சி.இ.ஆர்.டி. புத்தகமே அடிப்படை என்பதால் அதையும் மாணவர்கள் படித்தாக வேண்டும். இவ்விரு வகைப் பாடநூல்களையும் அரசாங்க இணையதளங்களிலிருந்து இலவசமாக இறக்கிக்கொள்ளலாம். இலவசமாகக் கிடைப்பதற்கு வசூல் பணத்தைச் செலவிடவில்லை.

அடுத்து, பாடநூலுக்குத் துணையாகக் கடையில் விலைக்கு வாங்கும் புத்தகம். ஒரு ரசாயன உபாத்தியாயர் எங்களுக்குச் சில சோதனைகளைக் கற்றுக்கொடுத்தார். அவற்றை உங்களுக்கும் சொல்கிறோம்.

முதலாவது: ஏதாவது ஒரு விதியை எடுத்துக்கொள்ளுங்கள். விதியை மட்டும் கட்டம் கட்டிப் போட்டிருக்கிறதா, அல்லது எந்தப் பரிசோதனையிலிருந்து அது கிடைத்தது என்றும் சொல்கிறதா என்று பாருங்கள். 'எப்படித் தெரியும்?' என்ற கேள்விக்குப் பதில் இல்லாத புத்தகம் விஞ்ஞானப் புத்தகமே அல்ல.

இரண்டாவது: செய்து காட்டியிருக்கும் கணக்கு ஒன்றைக் கடையிலேயே பென்சிலால் போட்டுப் பாருங்கள். விடை தப்பாக அச்சாகியிருந்தால் வைத்துவிட்டு வந்துவிடுங்கள்.

மூன்றாவது: புத்தகத்தின் வயதைப் பாருங்கள். அட்டவணையில் 118 தனிமங்கள் இருக்கின்றனவா? கடைசியாக நான்கு தனிமங்களுக்கு 2016-ல்தான் பெயர் சூட்டினார்கள். மோல் என்ற அளவுக்கு என்ன வரையறை தந்திருக்கிறது? முன்பு 12 கிராம் கார்பன்-12-ல் உள்ள அணுக்களின் எண்ணிக்கையை வைத்துச் சொன்னார்கள். 2019 மே 20 முதல் 6.02214076 × 10²³ என்ற எண்ணையே நிலையாக வைத்துவிட்டார்கள். பழைய வரையறை இருப்பதாலேயே புத்தகத்தைத் தள்ளிவிட வேண்டியதில்லை. ஆனால் மாறியது இன்னது என்று அறிந்து படிக்க வேண்டும்.

இங்கே எங்கள் சுயவிமர்சனம் ஒன்றையும் சொல்லிவிட வேண்டும். சோவியத் நாட்டின் மிர் பதிப்பகத்து விஞ்ஞான நூல்கள் மீது எங்களுக்குத் தீராத பிரியம். கிளின்காவின் பொது ரசாயன நூலைப் போன்ற கனமான புத்தகங்களைச் சாதாரண மாணவனும் வாங்கும் விலையில் அவர்கள் அன்று கொடுத்தார்கள். தோழர்கள் பலர் வீட்டில் அவை பத்திரமாக இருக்கின்றன. அவற்றைச் சேகரித்தே அலமாரியை நிரப்பிவிடலாம் என்று முதலில் எண்ணினோம். உபாத்தியாயர் தடுத்தார்: "விளக்கம் அருமை, அதில் சந்தேகமில்லை. ஆனால் சோவியத் யூனியன் 1991-ல் போய்விட்டது. புத்தகங்கள் அதற்கும் முந்தியவை. இவற்றை மட்டும் படிக்கிற பிள்ளை முப்பது வருஷம் பின்னால் நிற்கும்." அவர் சொன்னது சரி. பாசம் வேறு, பாடம் வேறு. அந்த நூல்கள் இங்கே மேல் தட்டில் இருக்கின்றன. புதிய நூல்கள் கைக்கு எட்டும் தட்டில் இருக்கின்றன.

நான்காவது சோதனை பாஷை. தமிழில் ரசாயனம் எழுத முடியாது என்று இன்றும் சிலர் சொல்கிறார்கள். யாழ்ப்பாணத்தில் வைத்தியம் கற்பித்த டாக்டர் சாமுவேல் கிரீனின் முயற்சியால் 1875-லேயே 'கெமிஸ்தம்' என்ற தமிழ் நூல் வெளிவந்துவிட்டது. ராஜாஜி 'திண்ணை ரசாயனம்' எழுதினார். 1952-ல் கம்யூனிஸ்டுகளைத் தம் முதல் எதிரி என்று சட்டசபையில் அறிவித்தவர் அவர். அதற்காக அவர் எழுதிய ரசாயனத்தைத் தள்ளிவிட மாட்டோம். ஆனால் ஒன்று: ஒரே புத்தகத்தில் ஒரு பக்கம் 'ஆக்சிஜனேற்றம்', மறு பக்கம் 'உயிர்வளியேற்றம்' என்று மாற்றி மாற்றி எழுதியிருந்தால் பிள்ளை குழம்பும். ஒரே சொல்லைக் கடைசிவரை கையாளுகிறதா, பின்னால் ஆங்கிலச் சொற்களுக்கு அகராதி இருக்கிறதா என்று பாருங்கள். கல்லூரி வாசலில் அந்த அகராதி கைகொடுக்கும்.

இனி, அந்தத் தகப்பனார் 'கதைப் புஸ்தகம்' என்று சொன்ன நூல்களுக்கு வருவோம்.

லண்டனில் ஒரு கொல்லரின் மகன் பதினான்கு வயதில் புத்தகம் பைண்டு செய்யும் கடையில் வேலைக்குச் சேர்ந்தான். பைண்டுக்கு வந்த புத்தகங்களைப் படித்தான். ஜேன் மார்செட் என்ற அம்மையார் ஆசிரியைக்கும் இரண்டு சிறுமிகளுக்கும் நடக்கும் உரையாடலாக எழுதிய ரசாயன நூல் அவன் கையில் கிடைத்தது. அதில் சொன்னதைக் கைக்காசு போட்டுச் செய்து பார்த்தான். அவன்தான் மைக்கேல் ஃபாரடே. அவர் சிறுவர்களுக்கு ஒரு மெழுகுவர்த்தியைக் கொளுத்தி வைத்துக்கொண்டு நடத்திய சொற்பொழிவுகள் 1861-ல் நூலாயின. அந்த நூல் இதோ இந்த அலமாரியில் இருக்கிறது.

ரஷ்யாவின் மெண்டலீவுக்குத் தம் மாணவர்களுக்கு ஏற்ற பாடநூல் கிடைக்கவில்லை. தாமே எழுத உட்கார்ந்தார். தனிமங்களை எந்த வரிசையில் சொல்வது என்று தவித்தபோதுதான் 1869-ல் ஆவர்த்தன அட்டவணை பிறந்தது. இன்னும் கண்டுபிடிக்கப்படாத தனிமங்களுக்கு அவர் காலி இடம் விட்டார். 1875-ல் காலியமும் 1879-ல் ஸ்காண்டியமும் 1886-ல் ஜெர்மானியமும் வந்து அந்த இடங்களில் உட்கார்ந்தன. ஒரு நல்ல பாடநூல் எழுதும் முயற்சி உலக விஞ்ஞானத்தையே முன்னே தள்ளியது!

டார்ம்ஸ்டாட் நகரத்துத் தச்சர் ஒருவரின் மகன் கார்ல் ஷோர்லெம்மர், 1874-ல் மான்செஸ்டரில் கரிம ரசாயனப் பேராசிரியரானார். ராஸ்கோவுடன் சேர்ந்து பெரிய ரசாயன நூலை எழுதினார். மார்க்ஸ், எங்கெல்ஸ் இருவருக்கும் நெருங்கிய நண்பர். 1883-ல் மார்க்ஸின் கல்லறையருகே நின்ற சிலரில் அவரும் ஒருவர். தச்சர் மகனுக்கு ரசாயனம் வராது என்று யார் சொல்ல முடியும்?

இன்னொன்று, இது நம் ஊருக்கே உரியது. பாடநூலில் பாஸ்பரஸுக்குப் புறவேற்றுமை வடிவங்கள் உண்டு என்று ஓரிரு வரி வரும்: வெண் பாஸ்பரஸ், சிவப்பு பாஸ்பரஸ். மாணவன் இரண்டு மார்க்குக்குப் படித்துவிட்டுப் போவான். ஆனால் வெண் பாஸ்பரஸைக் கையாண்ட தீப்பெட்டித் தொழிலாளிகளின் தாடை எலும்பு அழுகிப்போயிற்று. 1888-ல் லண்டன் தீப்பெட்டித் தொழிற்சாலைப் பெண்கள் வேலைநிறுத்தம் செய்தார்கள். 1906-ல் பெர்ன் நகரில் வெண் பாஸ்பரஸ் தீக்குச்சியைத் தடை செய்யும் உடன்படிக்கை ஏற்பட்டது. இன்று நம் பெட்டியின் பக்கத்தில் தீக்குச்சியை உரசுகிறோமே, அந்தப் பட்டையில் இருப்பது சிவப்பு பாஸ்பரஸ். தனிமம் ஒன்றுதான், அணுக்கள் இணைந்திருக்கும் விதம் வேறு. அந்த வித்தியாசத்தில் எத்தனை பேருடைய தாடை இருந்தது! இதை அறிந்த பிள்ளை அந்த இரண்டு வரியை ஜன்மத்துக்கும் மறக்காது. மார்க்கு வருமா என்று கேட்டாரே அந்தத் தகப்பனார், இப்படித்தான் வரும்.

கடைசியாக ஒன்று சொல்ல வேண்டும். 2012 செப்டம்பர் 5-ந் தேதி முதலிப்பட்டியில் நடந்த பட்டாசு விபத்தை இங்கே யாரும் மறந்திருக்க முடியாது. ஏறத்தாழ நாற்பது உயிர்கள் போயின. அதற்குப் பிறகும் விபத்துகள் நின்றபாடில்லை. மீந்துபோன மருந்துக் கலவையை ராத்திரி அறையில் வைத்துவிட்டுப் போகக்கூடாது என்று தொழிலாளிகளுக்குச் சொல்கிறார்கள். ஏன் என்று சொல்வதில்லை. அலுமினியப் பொடியும் நைட்ரேட் உப்பும் ஈரம் பட்டால் உள்ளுக்குள்ளேயே வினைபுரிந்து சூடாகும். அந்தச் சூடு ஏறி ஏறித் தீயாகும். இதுதான் காரணம். பேரியம் உப்புகளைப் பட்டாசில் பயன்படுத்த சுப்ரீம் கோர்ட் 2018-ல் தடை விதித்தது. நீரில் கரையும் பேரியம் உப்பு விஷம் என்பதும் ரசாயனம்தான்.

காரணம் தெரியாத தொழிலாளிதான் சாகிறான் என்று நாங்கள் சொல்லவில்லை. பாதுகாப்புக்குப் பொறுப்பு லைசென்சு வைத்திருக்கும் முதலாளியும் சோதனை போட வேண்டிய அதிகாரியும்தான். ஆனால் காரணம் தெரிந்த தொழிலாளி, 'இந்தக் கலவையை இன்றைக்கே அப்புறப்படுத்து' என்று தைரியமாகக் கேட்பான். கூலிக் கணக்கைப் போல மருந்துக் கணக்கையும் அவன் கேட்கத் தொடங்கினால், யாரும் அவனைச் சுலபமாக ஏமாற்ற முடியாது.

நாங்கள் முதலில் சொன்ன பெண் இங்கேதான் உட்கார்ந்திருக்கிறாள். அவள் தாயும் வந்திருக்கிறார். ஞாயிற்றுக்கிழமைதோறும் மாலை ஐந்து மணிக்கு இந்தப் படிப்பகத்தில் ஒரு பாடத்தை உரக்கப் படிப்பது என்று ஏற்பாடு. உபாத்தியாயர் வருகிறார். மாணவர்கள் படிக்கட்டும், வேலையில் கண்டதைத் தாய்மார்கள் சொல்லட்டும். முதல் வாரத்துக்குச் சுவாலையின் நிறங்கள்தான் பாடம். தாயும் மகளும் சேர்ந்தே அதை நடத்த ஒப்புக்கொண்டிருக்கிறார்கள்.

புத்தகத்தை வாங்கி வைத்துவிட்டோம். பூட்டு இல்லை. எடுத்துப் படியுங்கள், படித்ததும் திருப்பிக் கொண்டுவந்து வையுங்கள்.