ஒரு நாள் பிரதமர்

(நமது நலச்சங்கத்தின் சுதந்திர தின விழாவில் ஆற்றிய உரை)



நமது புதுக்கோட்டை சமஸ்தானம் 1948 மார்ச் 3 அன்று இந்தியாவோடு இணைந்தது. ஒப்படைத்தவர் ராஜா ராஜகோபாலத் தொண்டைமான். சரி, கையெழுத்துப் போட ராஜாவே இல்லாத ஊர் என்ன செய்யும்?

அப்படியும் ஓர் இடம் இருந்தது. இன்றைய குஜராத்துக்கும் மகாராஷ்டிரத்துக்கும் நடுவே, காடும் மலையுமான தாத்ரா, நகர் ஹவேலி. போர்ச்சுகீசியரிடம் இருந்தது. ஆனால் அவர்கள் டாமனிலிருந்து அங்கே போக இந்திய மண்ணைக் கடந்தாக வேண்டும். 1954 ஜூலையில் விடுதலைத் தொண்டர்கள் தாத்ராவைப் பிடித்தார்கள். ஆகஸ்ட் 2 அன்று சில்வாசாவும் விடுதலை பெற்றது.

உடனே இந்தியாவோடு சேர்ந்துவிடவில்லை. ஏழு ஆண்டுகள் தன்னைத் தானே ஆண்டுகொண்டது. வரிஷ்ட பஞ்சாயத்து என்ற உள்ளூர் சபைதான் அரசாங்கம். போர்ச்சுகல் விடவில்லை, 1955 டிசம்பரில் சர்வதேச நீதிமன்றத்துக்குப் போனது. படையும் ஆயுதமும் கொண்டுசெல்ல அதற்கு உரிமை இல்லை, இந்தியா கடமை தவறவில்லை என்று 1960 ஏப்ரலில் தீர்ப்பு வந்தது.

பிறகு பஞ்சாயத்து, இந்தியாவோடு இணைவதாகத் தீர்மானம் போட்டது. யார் கையெழுத்திடுவது? அங்கு நிர்வாகம் பார்த்த பத்லானி என்ற ஐ.ஏ.எஸ். அதிகாரியை ஒரே ஒரு நாள் பிரதமர் ஆக்கினார்கள்! 1961 ஆகஸ்ட் 11 அன்று அவரும் நேருவும் ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டார்கள்.

இதை வேடிக்கை என்று நினைக்காதீர்கள். நான் வங்கியில் குமாஸ்தாவாக இருந்தவன். சங்கங்களின் கணக்கில் பணம் இருக்கும், நிர்வாகிகள் மாறியிருப்பார்கள், தீர்மான நகல் இருக்காது. பணத்தை எடுக்க முடியாமல் கவுண்டர் முன்னால் நின்று சண்டை போடுவார்கள். யார் மீதும் குற்றமில்லை, காகிதம்தான் இல்லை.

நம் பூங்காவுக்கு நாம்தான் தண்ணீர் ஊற்றுகிறோம், விளக்குப் போடுகிறோம். ஆனால் அந்த இடத்தை உள்ளாட்சிக்கு எழுதிக் கொடுத்த தானப் பத்திரத்தின் நகல் நம்மிடம் இல்லை. நாளை ஒருவர் வந்து வேலி போட்டால் எதைக் காட்டுவோம்? ஏழு ஆண்டு தனியாக ஆண்டவர்களே கடைசியில் ஒரு கையெழுத்தைத் தேடினார்கள். அடுத்த கூட்டத்திலேயே தீர்மானம் போட்டு, இருவரைப் பொறுப்பாக்கி, பதிவு அலுவலகத்தில் நகலுக்கு மனுச் செய்வோம். அலைவதற்கு நான் தயார். கூட இன்னொருவர் வேண்டும்.